வலது கார்னரின் இடது கை

தம்பிகளே, கபடியை வேலையாக எடுத்துக்கொண்டிருக்கும் உங்களுக்கு என் அனுபவத்திலிருந்து எதையாவது எழுதிக் கொடுக்கும்படி உங்கள் கோச் கேட்டார். பிடி போடுவது எப்படி என்று நான் எழுதப் போவதில்லை. அது உங்களுக்கு என்னைவிட நன்றாகவே தெரிகிறது. ஒரே பிடியைச் செல்போனில் நிறுத்தி நிறுத்திப் பார்க்கிறீர்கள். முழங்காலுக்கு ஒரு பட்டி, முழங்கைக்கு ஒரு பட்டி, தோளில் கலர் கலராக டேப். போன மாதம் உங்கள் முகாமுக்கு வந்தபோது ஆட்டத்துக்குக் கிளம்புகிறீர்களா, ஆஸ்பத்திரியிலிருந்து வருகிறீர்களா என்று எனக்குச் சந்தேகமாக இருந்தது. கோபப்படாதீர்கள். எங்களுக்கு அதெல்லாம் இருந்திருந்தால் நாங்களும் சுற்றிக்கொண்டுதான் திரிந்திருப்போம்.

நான் எழுத நினைப்பது ஒரு கையைப் பற்றி. அது என்னுடைய கை இல்லை.

இரண்டாயிரத்துக்குப் பிந்திய சில வருடங்கள் நான் துபாயில் ஒரு கார்கோ கம்பெனிக்கு ஆடினேன். விசாவில் ஹெல்பர் என்று போட்டிருக்கும். வாரம் முழுக்க குடோனில் பெட்டி ஏற்றி இறக்க வேண்டும். ஆனால் எங்களை ஆள் அனுப்பிப் பிடித்து வந்தது பெட்டி தூக்க அல்ல, வெள்ளிக்கிழமை ஆட. எங்கள் மேனேஜர் வடக்கத்திக்காரர், கபடிப் பைத்தியம். ஜெயித்த கோப்பைகளை மேசையில் வரிசையாக வைத்துக்கொண்டுதான் வருகிறவர்களிடம் வியாபாரம் பேசுவார். கோப்பை வந்தால் நாங்கள் தங்கியிருந்த கேம்ப்பில் பிரியாணி வரும். தோற்றால் ஒரு வாரத்துக்கு யாருக்கும் லீவு கிடைக்காது.

நான் ரைட் கார்னர். எதிரணி ரைடர் பாடிக்கொண்டு உள்ளே வரும்போது வலது ஓரத்தில் நின்று அவன் காலுக்குக் காத்திருப்பவன். எனக்கு அடுத்து, உள்பக்கம் நிற்பவன் ஜெபராஜ். கன்னியாகுமரி மாவட்டத்துக் கடற்கரைக்காரன், என்னைவிட இளையவன். ஆள் அகலம். அவன் வேலை இடிப்பது. நான் கணுக்காலைப் பிடித்ததும் அவன் தோளால் வந்து மோதுவான், ரைடர் நடுக்கோட்டை மறந்துவிடுவான். அதுவரைக்கும் என் இடது கையும் அவன் வலது கையும் கோத்தே இருக்கும். செயின் போடுவது என்று சொல்வது அதைத்தான். உங்களுக்குத் தெரிந்ததுதான், என் பேத்தியும் இதைப் படிப்பாள் என்பதால் எழுதுகிறேன்.

வருடக்கணக்கில் ஒருவன் கையைப் பிடித்து நின்றால் என்னென்ன தெரிந்துவிடும் என்று உங்களுக்கு இன்னும் தெரியாது. ஒரு அழுத்து அழுத்தினால் பொறு. இரண்டு அழுத்தினால் நான் பாய்கிறேன், நீ வா. இது நாங்களாக வைத்துக்கொண்டது. வைத்துக்கொள்ளாததும் தெரியும். ஜெபா வீட்டுக்குப் போன் பண்ணிச் சண்டை போட்டுவிட்டு வந்திருந்தால் விரல்கள் கம்பியாக இருக்கும். காய்ச்சலை மறைத்துக்கொண்டு வந்தால் உள்ளங்கை சொல்லிவிடும். பயம் வந்தால் கட்டைவிரல் சும்மா இருக்காது.

அதனால்தான் எங்கள் ஆட்களுக்குள் ஒரு கட்டுப்பாடு இருந்தது. செயினில் தெரிந்ததை செயினுக்கு வெளியே சொல்லக் கூடாது. எங்கள் கேப்டன் ஒரு ஹரியானாக்காரர், நாங்கள் பாயி என்றே கூப்பிடுவோம். நான் சேர்ந்த அன்று என் கையையும் ஜெபாவின் கையையும் அவரே கோத்துவிட்டு, "ஹாத் கீ பாத் பாஹர் நஹீ. சம்ஜா?" என்றார். கை சங்கதி வெளியே போகக் கூடாது என்று அர்த்தம். காரணம் உண்டு. அடிபட்டவன் என்று பெயர் வந்துவிட்டால் மேனேஜர் அவன் இடத்துக்கு ஊரிலிருந்து வேறு ஆள் பார்க்க ஆரம்பித்துவிடுவார். பெஞ்சில் உட்கார்ந்தவனுக்கு விசா நிலைக்காது.

அந்தக் கட்டுப்பாட்டை ஜெபா எனக்காகக் காப்பாற்றியிருக்கிறான். ஒரு சீசனில் என் இடது கட்டைவிரல் பிசகி, தொட்டாலே உயிர் போனது. அவன் யாரிடமும் மூச்சு விடவில்லை. விரலைக் கோக்காமல் என் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டு நின்றான். பாயி கேட்டதற்கு, "இது எங்க ஊர் ஸ்டைல் பாயி" என்று சொல்லிவிட்டான். பாயியும் அதை நம்பி மற்ற ஜோடிகளையும் மணிக்கட்டைப் பிடிக்கச் சொல்லி ஒரு மாதம் பாடாய்ப் படுத்தினார். நாங்கள் இரண்டு பேரும் கேம்ப்பில் போர்வைக்குள் முகத்தை வைத்துச் சிரித்தோம்.

ஜெபாவுக்கு ஒரே ஆசைதான். மனைவி மேரியையும் மகளையும் துபாய்க்குக் கூட்டிவர வேண்டும். மகள் பிறந்தபோது அவன் ஊரில் இல்லை. ஒரு லீவில் போய்ப் பார்த்தபோது அது இவனைக் கண்டு வீறிட்டு அழுததாம். "எனக்க பிள்ள என்னக் கண்டு பயப்படுகு அண்ணே" என்று அவன் சொன்னபோது சிரித்துக்கொண்டுதான் சொன்னான். ஹெல்பர் விசாவில் குடும்பத்தைக் கூட்டிவர முடியாது. அந்த வருடம் வளைகுடாக் கம்பெனிகள் எல்லாம் கலந்துகொள்ளும் பெரிய போட்டி ஷார்ஜாவில் நடக்க இருந்தது. கோப்பையைக் கொண்டுவந்தால் ஜெபாவை சூப்பர்வைசராக மாற்றிக் கொடுப்பதாக மேனேஜர் எல்லார் முன்னாலும் சொன்னார். சூப்பர்வைசர் என்றால் ஃபேமிலி விசா கிடைக்கும்.

அவன் அன்றைக்கே குடும்பம் வந்துவிட்ட மாதிரி நடக்க ஆரம்பித்தான். துபாயிலேயே சத்வா என்கிற பகுதியில் ராமநாதபுரத்துத் தையல்காரர் ஒருவரின் வீட்டில் ஒரு அறையைப் பேசி வைத்தான். ஜன்னலுக்குத் திரை போட்டான். ஒரு நாள் தேரா சந்தைக்கு என்னையும் இழுத்துக்கொண்டு போய்க் குழந்தை உட்காரும் பிளாஸ்டிக் நாற்காலி ஒன்று வாங்கினான். முதுகில் யானை படம் போட்ட மஞ்சள் நாற்காலி. திரும்ப அப்ரா படகில் கிரீக் கழியைக் கடக்கும்போது அதை மடியில் வைத்து இரண்டு கையாலும் அணைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தான். எதிரே இருந்த பட்டாணியர் ஒருவர், "இதுல நீ எப்படி உக்காருவே?" என்று இந்தியில் கேட்க, படகே சிரித்தது. அவனும் சிரித்தான்.

ஷார்ஜாவில் அரையிறுதி. எதிரணி தோஹாவிலிருந்து வந்திருந்தது. அவர்களுடைய ரைடர் ஒரு நெட்டையன், முழங்காலை உயர்த்திக்கொண்டு வருவான். பிற்பகல் அசர் தொழுகை முடிந்து ஆட்டம் தொடங்கியது. மணல் இன்னும் சுட்டுக்கொண்டிருந்தது. முதல் பாதியின் கடைசிப் பக்கம் நெட்டையன் எங்கள் ஓரத்துக்கு வந்தான். நான் காலைப் பிடித்தேன், ஜெபா இடித்தான். இடித்த வேகத்தில் நெட்டையனின் முழங்கால் ஜெபாவின் கழுத்தும் தோளும் சேருகிற இடத்தில் ஏறியது. நெட்டையன் அவுட். கூட்டம் கத்தியது. ஜெபா எழுந்து தலையை ஒரு உலுக்கு உலுக்கினான், சிரித்தான், தன் இடத்துக்கு வந்து கையை நீட்டினான்.

நான் கோத்தேன். ஈரத்துணியைப் பிடித்த மாதிரி இருந்தது.

வெளியிலிருந்து பார்த்தால் ஒன்றும் தெரியாது. நிற்கிறான், குனிகிறான், கண் ரைடர் மேல் இருக்கிறது. கேலரியில் இருந்த மேனேஜருக்கும் தெரியவில்லை, அடுத்து நின்ற பாயிக்கும் தெரியவில்லை. அந்த மைதானத்தில் எனக்கு மட்டும்தான் தெரியும். நான் ஒரு அழுத்து அழுத்தினேன். பதில் இல்லை. மறுபடி அழுத்தினேன்.

"ஏல, வெரலை மடக்குல."

"மடக்கிட்டுதானே இருக்கேன்" என்றான். மடக்கவில்லை. மடக்குவதாக நினைத்துக்கொண்டிருந்தான்.

இடைவேளையில் அவனைத் தண்ணீர் டிரம்முக்குப் பின்னால் கூட்டிப்போனேன். என் கையைக் கொடுத்து நெரிக்கச் சொன்னேன். பல்லைக் கடித்துக்கொண்டு நெரித்தான். என் பேத்தி கைக்குழந்தையாக இருந்தபோது அதைவிட இறுக்கிப் பிடித்திருக்கிறாள்.

"மரத்துப் போயிருக்கு, அவ்வளவுதான். இப்பம் சரியாவும்" என்றான்.

"ஆகலைன்னா? திரும்ப அதே எடத்துல ஒண்ணு வாங்கினா என்னல பண்ணுவ?"

"அண்ணே, பாதி ஆட்டந்தான் இருக்கு. பெறவு நாளைக்கு ஃபைனல். மேரிக்கிட்ட பெட்டி கட்டச் சொல்லியாச்சு." இடது கையால் வலது விரல்களைத் தேய்த்தான். "உனக்க வெரலு பெசகினப்பம் நான் யாருகிட்டயாவது சொன்னேனா?"

விசில் அடித்தார்கள். போனோம்.

இந்த இடத்தில்தான் நீங்கள் நிதானித்துப் படிக்க வேண்டும். பெஞ்சில் எங்களுக்கு மாற்று ஆள் என்று இருந்தது ஒரே ஒருவன். ஃபோர்க்லிஃப்ட் ஓட்டுகிறவன். போட்டோவில் நிற்பதற்காக பனியன் போட்டு வந்தவன். ஜெபா வெளியே போனால் வலது ஓரம் திறந்த கதவுதான். அது எனக்குத் தெரியும். கழுத்தில் அடிபட்டுக் கை விழுந்துபோன ஒரு ஆட்டக்காரனை ஊரில் பார்த்திருக்கிறேன், அதுவும் எனக்குத் தெரியும். ஆனால் இப்படி மரத்துப்போய் மறுநாளே சரியாகி ஆடியவர்களையும் பார்த்திருக்கிறேன். ஜெபா இதில் எந்த வகை என்று சொல்ல அங்கே டாக்டர் இல்லை. ஒரு முதலுதவிப் பெட்டியும் அதற்குப் பக்கத்தில் ஐஸ் விற்கிறவனும் இருந்தார்கள்.

இரண்டாவது பாதியில் நெட்டையன் இடது பக்கமாகவே ஓடிக்கொண்டிருந்தான். எனக்கு மூச்சு வந்தது. அவன் அந்தப் பக்கமே ஓடட்டும் என்று சாமியைக் கும்பிட்டேன். புள்ளி சமமாக வந்தது. கடைசிக் கட்டத்தில் அவன் நடுக்கோட்டில் நின்று எங்களைப் பார்த்தான். நல்ல ரைடர்கள் கண்ணாலேயே எங்கே பலவீனம் என்று முகர்ந்துவிடுவார்கள். பாட ஆரம்பித்து நேராக எங்கள் ஓரத்துக்கு வந்தான். ஜெபா தோளைத் தாழ்த்தினான். அதே தோள். என் கைக்குள் அவன் கை சும்மா கிடந்தது.

நான் கையை விட்டேன். விட்ட கையைத் தலைக்கு மேலே தூக்கிக்கொண்டு, ரெஃப்ரியைப் பார்த்துக் கத்தினேன். "சார், இவன் கையில உயிர் இல்ல! ஆட்டத்தை நிறுத்துங்க!"

ரெஃப்ரி மலையாளி. என் தமிழ் அவருக்குப் புரிந்தது. விசில் அடித்தார். ஜெபாவிடம் வந்து இரண்டு கையையும் நீட்டி, ஒரே நேரத்தில் நெரிக்கச் சொன்னார். ஜெபா அவரைப் பார்க்கவில்லை, என்னைத்தான் பார்த்தான். இடது கை நெரித்தது. வலது கை நெரிக்கவில்லை. ரெஃப்ரி அவனைத் தோளில் தட்டி வெளியே போகச் சொன்னார்.

ஃபோர்க்லிஃப்ட்காரன் உள்ளே வந்தான். என்ன நடந்திருக்கும் என்று உங்களுக்கே தெரியும். தோற்றோம். பாயி மணலை எட்டி உதைத்துவிட்டு, "தூனே க்யா கியா!" என்று என் முகத்துக்கு நேரே கத்தினார். என்ன காரியம் பண்ணிவிட்டாய் என்று அர்த்தம். மேனேஜர் கேலரியிலிருந்து இறங்கி வந்து ஒரே வார்த்தைதான் சொன்னார். "கலாஸ்." முடிந்தது என்பதற்கு அரபுச் சொல். காரில் ஏறிப் போய்விட்டார்.

கேம்ப்புக்குத் திரும்பும் வேனில் ஜெபா எனக்கு முன் சீட்டில் உட்கார்ந்திருந்தான். ரொம்ப தூரம் வந்த பிறகு, திரும்பாமலேயே கேட்டான்.

"கையப் பிடிச்சுட்டு நிண்ணவனே காட்டிக் குடுக்கலாமா அண்ணே?"

வேன் கேம்ப் வாசலில் நின்றதும் நான்தான் முதலில் இறங்கினேன்.

அடுத்த நாள் கிளினிக்கில் படம் எடுத்தார்கள். எலும்பில் ஒன்றும் இல்லை என்றார் டாக்டர். நரம்பு நசுங்கியிருக்கிறது, சில பேருக்குத் தானாகவே சரியாகும், சில பேருக்கு அப்படியே நின்றுவிடும், இன்னொரு அடி பட்டிருந்தால் என்ன ஆகியிருக்கும் என்று தன்னால் சொல்ல முடியாது என்றார். நான் வெளியே பெஞ்சில் இருந்தேன். கதவு திறந்திருந்ததால் கேட்டது. அவர் கொஞ்சம் உறுதியாக எதையாவது சொல்லியிருக்கலாம். இன்னும் ஒரு இடியில் ஆளே முடங்கியிருப்பான் என்று சொல்லியிருந்தால் நான் இத்தனை வருடம் நிம்மதியாகத் தூங்கியிருப்பேன்.

சூப்பர்வைசர் பேச்சு அதோடு நின்றது. கொஞ்ச நாளில் மேனேஜர் அணியையே கலைத்துவிட்டார். பெட்டி தூக்கக் கூடியவர்களை வைத்துக்கொண்டார்கள். ஜெபா கழுத்தில் பட்டை போட்டுக்கொண்டு ஊருக்குப் போனான். ஏர்போர்ட்டுக்கு நானும் போனேன். அவன் பெட்டியை நான் தூக்கினேன், தடுக்கவில்லை. உள்ளே போகும்போது எல்லாரும் திரும்பிக் கை காட்டுவார்கள், அவன் காட்டவில்லை.

நான் குடோனில் இன்னும் சில வருடம் இருந்தேன். விசாவை முடித்துக்கொண்டு கிளம்புகிற வாரம் சத்வாவுக்குப் போனேன். தையல்காரர் அந்த மஞ்சள் நாற்காலியை இன்னும் வைத்திருந்தார். அறைக்கு வேறு ஆள் வந்தாயிற்று, நாற்காலியைத் தூக்கிப் போட மனசு வரவில்லை என்றார். அதை லக்கேஜில் கட்டினேன். ஜெபாவின் ஊருக்குப் போவதற்கு எனக்கு ஒரு காரணம் வேண்டியிருந்தது. அந்தக் கை திரும்பி வந்ததா இல்லையா என்பதுதான் நான் தெரிந்துகொள்ள விரும்பியது. தானாகவே திரும்பியிருந்தால், ஒரு குடும்பத்தின் வாழ்வை நான் ஒன்றுமில்லாததற்குக் கெடுத்திருக்கிறேன். திரும்பவே இல்லை என்றால், மிச்சத்தையாவது காப்பாற்றியிருக்கிறேன். ஒரு மனிதனின் கை விளங்காமல் இருக்க வேண்டும் என்று எனக்குள் ஒரு ஓரம் வேண்டிக்கொண்டே பஸ்ஸில் போனது. அதை நினைத்தால் இப்போதும் வெட்கமாக இருக்கிறது.

அவன் வீட்டு வாசலில் இருந்து பார்த்தால் கடல். உள்ளே வரச் சொன்னான். கொஞ்சம் இளைத்திருந்தான். மடியில் ஒரு துண்டு கிடந்தது. வலது கை அந்தத் துண்டுக்கு அடியில் இருந்தது. மேரி சாயா கொண்டுவந்தாள். ஜெபா கிளாஸை இடது கையால் வாங்கிக்கொண்டான். அதனால் ஒன்றும் முடிவு செய்ய முடியாது. நானும்தான் சில நேரம் இடது கையால் வாங்குகிறேன்.

நாற்காலியைப் பார்த்ததும் மகள் ஓடிவந்தாள். பள்ளிக்கூடப் பை சுமக்கிற வயசு. அதில் உட்கார்ந்தாள், முழங்கால் தாடைக்கு வந்தது. "யாருக்குப்பா இது?" என்று கேட்டாள். ஜெபா, "உனக்குன்னு துபாயில வேண்டினதாக்கும்" என்றான். மேரி நாற்காலியையே பார்த்துக்கொண்டிருந்துவிட்டு என்னிடம் கேட்டாள்.

"சத்வான்னா எப்பிடி இருக்கும் அண்ணே? முன்ன இவரு எப்பம் போன் பண்ணினாலும் அந்தப் பேரத்தான் சொல்லுவாரு."

சின்ன சின்ன வீடுகள், நிறைய தையல் கடைகள், நம்மூர் மாதிரிதான் இருக்கும் என்று சொன்னேன்.

மீனைப் பற்றி, படகைப் பற்றி, பழைய ஆட்டக்காரர்களைப் பற்றிப் பேசினோம். துண்டு அசையவே இல்லை. கிளம்பும்போது நான் எழுந்து, வேறு எதுவும் தோன்றாமல், என் இடது கையை அவன் வலது பக்கமாக நீட்டினேன். செயினுக்கு நீட்டுகிற மாதிரியே நீட்டிவிட்டேன்.

ஜெபா அந்தக் கையைப் பார்த்தான். கோபம் இல்லை. அதுதான் இன்னும் கஷ்டமாக இருந்தது.

"அது மட்டும் கேக்காத அண்ணே" என்றான். "ஒருக்க இதப் பிடிச்சுப் பாத்துட்டு, உள்ள இருந்தத ஊருக்கே சொன்ன. இனி இதுல என்ன இருக்கு, என்ன இல்லன்னு எனக்கு மட்டும் தெரிஞ்சாப் போதும்."

தம்பிகளே, உங்களுக்கும் ஒரு நாள் இது வரும். பக்கத்தில் நிற்பவனின் கையில், காலில், கண்ணில் உங்களுக்கு மட்டும் ஒன்று தெரியும். அவன் சொல்லாதே என்பான். சொல்லுங்கள். கோச்சிடம் சொல்லுங்கள், டாக்டரிடம் சொல்லுங்கள், யாரும் இல்லை என்றால் என்னைப் போல ரெஃப்ரியிடம் கத்துங்கள். அந்த மைதானத்தில் மறுபடி நிறுத்தினாலும் நான் கையைத் தூக்கத்தான் செய்வேன். ஆனால் நீங்கள் செய்தது சரி என்று பிறகு யாரும் வந்து சொல்வார்கள் என்று எதிர்பார்க்காதீர்கள். நான் எதிர்பார்த்தேன், அதனால்தான் அவ்வளவு தூரம் நாற்காலி சுமந்துகொண்டு போனேன்.

அன்றைக்கு பஸ் நிறுத்தம் வரைக்கும் ஜெபாவின் மகள் கூட வந்தாள், அப்பாதான் அனுப்பினாராம். வழியெல்லாம் வாய் ஓயவில்லை. அப்பா படகில் எங்கே உட்காருவார், அம்மா எதற்குத் திட்டுவாள், கோயில் திருவிழாவில் யார் தொலைந்துபோனார்கள் என்று எல்லாம் சொன்னாள். கேட்காமலேயே சொல்கிற பிள்ளை. ரோட்டைக் கடக்கும்போது என் இடது கையைப் பிடித்துக்கொண்டாள். அப்பா எந்தக் கையால் சாப்பிடுவார் என்று கேட்டிருந்தால் அந்த நிமிஷமே சொல்லியிருப்பாள்.

நான் கேட்கவில்லை. பஸ் வந்தது, ஏறிக்கொண்டேன்.